தீயணைப்பு வண்டியும் நம் கடைத்தெருவும்

சித்திரை முதல் நாள் கடைக்கு மாவிலைத் தோரணம் கட்டி, கல்லாப்பெட்டிக்குச் சந்தனம் குங்குமம் இட்டு, முதல் போணிக்காக நாம் காத்திருக்கும் வேளையில்தான் பெரும்பாலும் அவர்களும் வருகிறார்கள். காக்கி உடையில் நான்கைந்து பேர், கையில் ஒரு கட்டுத் துண்டுப் பிரசுரம். ஏப்ரல் 14 முதல் 20 வரை தீத்தொண்டு வாரம். நம் சட்டையில் சின்னக் கொடியைக் குத்திவிட்டு, "ஜாக்கிரதையா இருங்க அண்ணாச்சி" என்று சொல்லிப் போகிறார்கள். வாங்கிய தாளை மடித்து எடைக்கல்லுக்கு அடியில் வைக்கிறோம். சாயங்காலத்துக்குள் அது சீரகமோ கடுகோ சுமந்து யார் வீட்டுக்கோ போய்விடுகிறது.

இவ்வாண்டு சங்கத்தின் சார்பில் நாம் ஆறேழு பேர் ஒரு நாள் காலையில் தீயணைப்பு நிலையத்துக்கே சென்றிருந்தோம். போன காரியம் சிறியது. கடைகளில் மாட்டியிருக்கும் தீயணைப்பான்களை மறுபடி நிரப்புவது பற்றிக் கேட்கப் போனோம். பத்து நிமிட வேலைதான். ஆனால் திரும்பும்போது மதியம் ஆகிவிட்டது. அங்கே கண்டதையும் கேட்டதையும் எழுதத்தான் இந்தக் கட்டுரை.

தீயணைப்பு நிலையம் என்றால் ஆட்கள் கேரம் ஆடிக்கொண்டிருப்பார்கள், மணி அடித்தால் ஓடுவார்கள் என்பதே நம்மில் பலருடைய எண்ணம். நாம் போனபோது அவர்கள் வெயிலில் நின்று குழாயை உருட்டிக் கொண்டிருந்தார்கள். சுருட்டிய குழாயை ஒரே வீச்சில் விரித்து, ஒன்றோடு ஒன்று இணைத்து, நுனியில் பீச்சுக்குழலை மாட்டி, மறுபடி பிரித்துச் சுருட்டுகிறார்கள். இது தினமும் நடக்கிறதாம். வருகைப் பதிவு முடிந்ததும் வண்டியைக் கிளப்பிப் பார்க்க வேண்டும், பம்ப்பை ஓட்டிப் பார்க்க வேண்டும், ஏணி, கயிறு, மூச்சுக் கருவி, வெட்டும் கருவி எல்லாம் இருக்க வேண்டிய இடத்தில் இருக்கின்றனவா என்று எண்ண வேண்டும். நனைந்த குழாய்களைத் தொங்கவிட்டு உலர்த்த வேண்டும். உலராமல் சுருட்டினால் துணி இற்றுப்போய், தண்ணீர் அழுத்தத்தில் வெடித்துவிடும். தகவல் அறையில் ஒருவர் இரவு பகலாகத் தொலைபேசி அருகில் உட்கார்ந்திருக்கிறார். மணி அடித்த ஒரு நிமிடத்துக்குள் வண்டி வாசலைத் தாண்ட வேண்டும் என்பது பயிற்சி. சட்டைப் பொத்தானை வண்டியில் போகும்போதுதான் போடுகிறார்கள். தட்டில் பிசைந்த சோறு அப்படியே இருக்கும்.

அழைப்புப் பதிவேட்டைப் புரட்டிப் பார்க்க அனுமதித்தார்கள். நமக்கு அதுவே ஒரு பாடமாக இருந்தது. நெருப்பு அதில் ஒரு பகுதிதான். கிணற்றில் விழுந்த பசுமாடு, சமையலறையில் புகுந்த பாம்பு, சாலையில் சாய்ந்த மரம், விபத்தில் நசுங்கிய வேனுக்குள் சிக்கிய ஓட்டுநர், குளத்தில் மூழ்கிய பையனின் உடல். துறையின் பெயரே தீயணைப்பு மற்றும் மீட்புப் பணிகள் துறை என்றுதானே இருக்கிறது. இவ்வளவுக்கும் நடுவில் நம் கடைத்தெருவிலிருந்து அழைப்பு வந்தால் அதே ஆட்கள்தான் வர வேண்டும். மாட்டைத் தூக்கிய கயிறு காய்வதற்குள் வர வேண்டும்.

பண்டிகை என்றால் நமக்கு வியாபாரம், அவர்களுக்கு விடுப்பு ரத்து. தீபாவளிக்கு முதல் நாள் நள்ளிரவில் ஷட்டரை இழுத்துவிட்டு நாம் கல்லாவை எண்ணும் நேரத்தில் அவர்களுக்கு வேலை தொடங்குகிறது. ஒரு முன்னணி தீயணைப்போரிடம், பிள்ளைகளோடு மத்தாப்புக் கொளுத்தி எத்தனை வருடமாகிறது என்று நம்மில் ஒருவர் விளையாட்டாகக் கேட்டார். அவர் விரல் விட்டு எண்ணத் தொடங்கி, நிறுத்திவிட்டார்.

ஏப்ரல் 14-ஐ ஏன் இவர்கள் நாளாக வைத்தார்கள் என்பது வணிகர்களாகிய நாம் அறிந்திருக்க வேண்டிய செய்தி. 1944-ஆம் ஆண்டு அதே தேதியில் பம்பாய் விக்டோரியா துறைமுகத்தில் 'ஃபோர்ட் ஸ்டிக்கின்' என்ற சரக்குக் கப்பல் நின்றிருந்தது. யுத்த காலம். கப்பலில் ஆயிரம் டன்னுக்கு மேல் வெடிபொருள் இருந்தது. அதோடு கராச்சியில் ஏற்றிய பஞ்சுப் பொதிகள். எண்ணெய்ப் பீப்பாய், மரம், தங்கக் கட்டி எல்லாம் கூடவே. பகலில் பஞ்சில் புகை கண்டது. தீயணைப்புப் படையினர் கப்பலில் ஏறித் தண்ணீர் அடித்துக் கொண்டிருக்கும்போதே, மாலை நான்கு மணிக்குப் பிறகு கப்பல் வெடித்தது. அரை மணிக்குள் இரண்டாவது முறையும் வெடித்தது. தீயணைப்புப் படையினர் மட்டும் 66 பேர் மாண்டார்கள். அவர்கள் நினைவாகத்தான் அந்தக் கொடி. எதனோடு எதைச் சேர்த்து ஏற்றலாம் என்று பார்க்காமல் அடுக்கிய சரக்கு அது. பஞ்சையும் வெடிமருந்தையும் ஒரே கப்பலில் ஏற்றியவர்களை இன்று நாம் பழிக்கலாம். நம் கடையின் பின்கட்டில் கற்பூர டப்பாவும் தீப்பெட்டிப் பண்டலும் எண்ணெய் டின்னும் காலிச் சாக்கும் எப்படி அடுக்கியிருக்கின்றன என்று ஒரு முறை எட்டிப் பார்த்துவிட்டுப் பழிப்பது நல்லது.

நிலைய அலுவலர் நம்மிடம் ஒரு கேள்வி கேட்டார். "உங்க தெருவில எத்தனை கடையில மாடியில மூட்டை அடுக்கியிருக்கீங்க?" நாம் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக் கொண்டோம். சொல்லத் தெரியவில்லை என்பதல்ல. மாடியில் சரக்கு இல்லாத கடை எது என்றுதான் யோசிக்க வேண்டியிருந்தது. அவர் ஏன் கேட்டார் என்பதை அவரே விளக்கினார்.

தீ பிடித்த கிடங்கில் தண்ணீர் அடிக்கும்போது அந்தத் தண்ணீர் முழுவதும் வெளியே ஓடிவிடுவதில்லை. சரக்கு குடித்துக் கொள்கிறது. ஜவுளிப் பொதியும் பஞ்சும் காகிதமும் தண்ணீரைக் குடித்து எடை கூடுகின்றன. நம் மளிகைச் சரக்கு இன்னும் மோசம். கடலை, உளுந்து, துவரை எல்லாம் ஊறினால் உப்பும் என்பது நம் வீட்டுப் பெண்களுக்குத் தெரியும். இட்லிக்கு ஒரு படி உளுந்து ஊறினால் பாத்திரம் நிறைகிறது. சுவரோடு சுவராக நெருக்கி அடுக்கிய நூறு மூட்டைப் பருப்பு ஊறினால் அது சுவரைத்தான் தள்ளும். மேலே தளமோ பழைய மெட்ராஸ் ஒட்டு. உத்தரம் ஒரு பக்கம் கருகிக் கொண்டிருக்கிறது. இரும்புத் தூலமாக இருந்தாலும் நிம்மதியில்லை. இரும்பு உருகுவதற்கு வெகு முன்பே, ஐந்நூறு அறுநூறு டிகிரி சூட்டிலேயே பாதி வலுவை இழந்து வளையத் தொடங்கிவிடும். இந்தக் கட்டடத்துக்குக் கீழே நின்றுதான் ஒருவர் குழாய் பிடிக்கிறார். தலைக்கு மேலே எத்தனை டன் இருக்கிறது என்பது அவருக்குத் தெரியாது. கடைக்காரருக்குத்தான் தெரியும். கடைக்காரரோ தெருவில் தலையில் கை வைத்து உட்கார்ந்திருக்கிறார்.

கட்டடம் சரிந்தால் என்ன ஆகும் என்பதை மதுரை பார்த்தது. 2020-ஆம் ஆண்டு தீபாவளி அதிகாலையில் விளக்குத்தூண் அருகே நவபத்கானா தெருவில் பழைய ஜவுளிக் கட்டடம் ஒன்றில் தீ. அணைக்கப் போனவர்கள் மேல் கட்டடம் இடிந்து விழுந்தது. தீயணைப்பு வீரர் இருவர் இடிபாட்டில் சிக்கி இறந்தார்கள். ஊர் முழுவதும் எண்ணெய் தேய்த்துக் குளித்துக் கொண்டிருந்த நேரம். அந்தத் தெரு எப்படிப்பட்ட தெரு என்று மதுரைக்குச் சரக்கெடுக்கப் போன எவருக்கும் விளக்க வேண்டியதில்லை. நம் தெருவும் அதன் தம்பிதான்.

இன்னொன்று, சென்னை கொடுங்கையூரில் 2017 ஜூலையில் நடந்தது. இரவில் பூட்டியிருந்த பேக்கரியில் புகை. தீயணைப்பு வீரர்கள் வந்து வேலையில் இறங்கிய நேரத்தில் உள்ளே இருந்த கேஸ் சிலிண்டர் வெடித்தது. தீயணைப்பு வீரர் ஒருவர் இறந்தார். சுற்றி நின்று வேடிக்கை பார்த்தவர்களில் ஏராளமானோர் கருகினார்கள், அவர்களிலும் சிலர் பிறகு இறந்தார்கள். பூட்டிய கடைக்குள் சிலிண்டர் இருக்கிறதா, இருந்தால் எத்தனை, எந்த மூலையில் என்பதை ஷட்டருக்கு வெளியே நிற்பவர் எப்படி அறிவார்?

ஷட்டரைப் பற்றியும் ஒரு வார்த்தை. கடைக்குள் புகை என்றதும் நாம் முதலில் செய்வது சாவியோடு ஓடிப்போய் ஷட்டரை மேலே தள்ளுவது. பேரேடு உள்ளே, பணம் உள்ளே, சாமி படம் உள்ளே. ஆனால் மூடிய கடையில் காற்றில்லாமல் நெடுநேரம் கனிந்து கொண்டிருக்கும் நெருப்புக்கு ஷட்டரைத் திறப்பது துருத்தி ஊதுவது போல. ஒரே மூச்சில் வாசலுக்கு வரும். அவர்கள் முதலில் ஷட்டரில் தண்ணீர் தெளித்துப் பார்க்கிறார்கள், எங்கே ஆவி எழும்புகிறது என்று. பிறகு ஓரமாக நின்று கொஞ்சமாகத் தூக்கி, குழாயைத் தயாராக வைத்துக்கொண்டு திறக்கிறார்கள். அந்த இரண்டு நிமிடத்தில் "சும்மா நிக்கிறாங்க பாரு" என்று நாம் கூச்சல் போடுகிறோம். நாமும் போட்டிருக்கிறோம், ஒப்புக் கொள்கிறோம்.

புகை விஷயத்தில் மளிகைக்காரர்களான நமக்குத் தனிப் பொறுப்பு உண்டு. வத்தல் மூட்டை எரிந்தால் தெருக்கோடி வரை யாரும் நிற்க முடியாது. பிளாஸ்டிக் உறைகளின் புகை நஞ்சு. பிளீச்சிங் பவுடர் மூட்டைக்குப் பக்கத்திலேயே கழிப்பறை ஆசிட் பாட்டில்களை அடுக்கியிருக்கிறோம். இரண்டும் உடைந்து கலந்தால் குளோரின் வாயு வரும். எண்ணெய் டின் வெடித்து எரியும்போது அதன் மேல் தண்ணீரைப் பீய்ச்சினால் எண்ணெய் சிதறி நெருப்பு பரவும், அதற்கு நுரைதான் வேண்டும். மூச்சுக் கருவியில் காற்று அரை மணி, முக்கால் மணிக்கு மேல் வராது; மூட்டையை இழுத்துப் போட்டு வேலை செய்தால் அதுவும் குறையும். அந்தக் காற்று தீர்வதற்குள் உள்ளே போய், வேண்டியதைச் செய்து, வெளியே வரும் வழியையும் அவர் கண்டுபிடிக்க வேண்டும். நாம் நடைவழியை மறித்து அடுக்கிய மூட்டைகளுக்கு இடையே, இருட்டில், முழங்காலில் தவழ்ந்து.

மின்சாரம் இன்னொரு கண்ணி. மின்வாரியத்தார் வந்து லைனை நிறுத்திவிட்டார்கள் என்று நம்பித் தண்ணீர் அடிக்கிறார்கள். கடையில் இன்வெர்ட்டர் இருக்கிறது. பில் போடும் கம்ப்யூட்டருக்குத் தனி பாட்டரி இருக்கிறது. சிலர் கூரையில் சூரிய மின் தகடு போட்டிருக்கிறார்கள். தெருவில் கரண்ட் போன பிறகும் கடைக்குள் சில கம்பிகளில் உயிர் இருக்கும். இதையும் யாராவது சொன்னால்தான் தெரியும்.

இனி நம் தெரு. வண்டி நிலையத்தை விட்டு ஒரு நிமிடத்தில் கிளம்பிவிடுகிறது. ஊர்ச் சாலையையும் கடந்து விடுகிறது. நம் தெரு முனைக்கு வந்து நின்றுவிடுகிறது. ஒரு பக்கம் சரக்கிறக்கும் லாரி, மறுபக்கம் வரிசையாக ஸ்கூட்டர். கடைக்குக் கடை நாலடி வெளியே நீட்டிய சார்ப்பு, அதற்கு மேலே எதிர்க்கடை வரை இழுத்துக் கட்டிய தார்ப்பாய், அதற்கும் மேலே கேபிள் கம்பிகள். வண்டி நுழையாவிட்டால் குழாயை ஒன்றோடு ஒன்று கோத்து இழுத்துக்கொண்டு ஓடி வர வேண்டும். பொதுவாக ஒரு வண்டியில் இருப்பது 4,500 லிட்டர் தண்ணீர். இரண்டு குழாய் விட்டால் பத்து நிமிடம் தாங்காது. அடுத்த வண்டி வர வேண்டும், அல்லது லாரித் தண்ணீர் வர வேண்டும். அதுவும் இதே முனையில்தான் வந்து நிற்கும். பிறகு நாம் பத்திரிகைக்காரரிடம் சொல்லுவோம்: "தீயணைப்பு வண்டி தாமதமா வந்தது."

தாமதம் நம் பக்கமும் உண்டு. புகை கண்டவுடன் நாம் 101-ஐ அழைப்பதில்லை. முதலில் முதலாளிக்கு, பிறகு முதலாளியின் தம்பிக்கு, பிறகு எலெக்ட்ரீஷியனுக்கு. நாமே வாளித் தண்ணீர் ஊற்றிப் பார்க்கிறோம். காரணம் வெளியே சொல்வதில்லை, எல்லோருக்கும் தெரியும். அனுமதியில்லாத மாடி, கணக்கில் இல்லாத சரக்கு, லைசென்ஸ் புதுப்பிக்காத கிடங்கு. அவர்கள் வந்தால் கேள்வி வரும் என்று பயம். தீயை அணைக்க வருவதற்கு அவர்கள் காசு கேட்பதில்லை. 101 இல்லாவிட்டால் 112, எதை அழைத்தாலும் வருவார்கள். எல்லாம் முடிந்த பிறகு இன்சூரன்ஸுக்குத் தீ விபத்து அறிக்கை வேண்டும் என்று அதே நிலைய அலுவலரிடம் போய் நிற்கிறோம். காரணத்தை மின்கசிவு என்று எழுதிவிடுங்கள் என்று கெஞ்சுகிறோம். ஊதுபத்தியோ, அணைக்காத பீடித் துண்டோ, எதுவாக இருந்தாலும் எழுதப்படுவது மின்கசிவாகவே இருக்க வேண்டும் என்பது நம் வட்டாரத்தில் ஒரு சம்பிரதாயம் போல ஆகிவிட்டது.

நம் குறைகளை மட்டும் எழுதினால் இது சங்கத்தின் ஏடு அல்ல என்று சிலர் கோபிப்பார்கள். அவர்கள் கோபத்திலும் நியாயம் உண்டு. ஒரு தடையின்மைச் சான்றுக்கு நான்கு அலுவலகம் ஏறி இறங்கிய அனுபவம் நம் எல்லோருக்கும் இருக்கிறது. தீபாவளிப் பட்டாசுக் கடை போடுபவர்கள் படும் பாடு தனிக்கதை. ஆனால் தற்காலிகக் கடைக்கும் கடைக்கும் இடையே 3 மீட்டர், எதிரெதிரே இருக்கக் கூடாது, உள்ளே திறந்த விளக்கு கூடாது என்று வெடிபொருள் விதியில் எழுதியிருப்பது நம்மை அலைக்கழிப்பதற்காக எழுதியது அல்ல. சான்று தாமதமாகிறது என்று நாம் மனுக் கொடுக்கலாம், கொடுக்கத்தான் வேண்டும். 3 மீட்டரை ஒரு மீட்டராக்கித் தரும்படி கேட்பது வேறு. அதில் சங்கத்தின் பெயரைச் சேர்க்க வேண்டாம் என்பது நம் கருத்து.

அரசிடம் கேட்க வேண்டியவை வேறு இருக்கின்றன. கடைத்தெருவில் வண்டிகள் தண்ணீர் எடுத்துக்கொள்ள நிரந்தரமான ஓர் இடம் வேண்டும். காலியாக இருக்கும் பணியிடங்களை நிரப்ப வேண்டும். ஓர் இரவில் இரண்டு அழைப்பு வந்தால் இருக்கிற ஆட்களைப் பாதி பாதியாகப் பிரித்து அனுப்பும் நிலை இருக்கக் கூடாது. குறுகிய தெருக்களுக்குச் சிறிய வண்டி வேண்டும். வரிக் குறைப்புக்காகக் கடையடைக்கும் நாம், இதற்காக ஒரு தீர்மானமாவது போட்டிருக்கிறோமா என்று பழைய நடவடிக்கைப் புத்தகங்களைத் தேடினோம். கிடைக்கவில்லை. அடுத்த செயற்குழுவில் இது முதல் பொருளாக வைக்கப்படுகிறது.

அதற்குள் நம் கையில் இருப்பதைச் செய்ய ஒரு சிறு ஏற்பாடு. கடைக்கு ஒரு தாள். அதில் மாடியில் என்ன சரக்கு, சுமாராக எத்தனை மூட்டை. எண்ணெய், கற்பூரம், ஆசிட் வகைகள் எந்தப் பக்கம். சிலிண்டர் உண்டா, எங்கே. மெயின் சுவிட்ச் எங்கே, இன்வெர்ட்டர் எங்கே. பின்வாசல் எந்தச் சந்தில் திறக்கிறது. இரவில் கடையில் யாராவது படுக்கிறார்களா. கடைசிக் கேள்வியை நாம் எழுதவில்லை, நிலைய அலுவலர் சேர்க்கச் சொன்னார். உள்ளே ஆள் இருக்கிறது என்று யாராவது கத்தினால் அவர்கள் எதையும் பார்க்காமல் நுழைந்து விடுவார்களாம். ஆள் இல்லாத கடைக்குள் அப்படி நுழைந்து அடிபட்டவர் அந்த நிலையத்திலேயே இருக்கிறார். தாளின் ஒரு பிரதி ஷட்டருக்கு அருகே வெளிச்சுவரில் ஒரு சின்னத் தகரப் பெட்டியில் இருக்கும், மற்றொன்று நிலையத்தின் தகவல் அறையில் இருக்கும். சரக்குக் கணக்கு வெளியே போய்விடுமோ என்று அஞ்சுபவர்கள் மூட்டை எண்ணிக்கையை எழுத வேண்டாம், குறைவு, நடுத்தரம், அதிகம் என்று குறித்தால் போதும். இது வரித்துறைக்கு அல்ல.

இதுவரை இரண்டு தெருக்களில் தாள் நிரப்பி முடிந்திருக்கிறது. மற்றவர்கள் சங்க அலுவலகத்தில் மாலை 4 மணிக்கு மேல் பெற்றுக் கொள்ளலாம். அடுத்த மாதம் ஏதாவது ஒரு வேலை நாளில், காலை பத்து மணி வாக்கில், தீயணைப்பு வண்டியை நம் தெருக்களுக்குள் ஒரு முறை ஓட்டிப் பார்க்கப் போவதாக நிலைய அலுவலர் சொல்லியிருக்கிறார். தேதியைக் கேட்டோம், சொல்ல மறுத்துவிட்டார். அன்றைக்கு மட்டும் தார்ப்பாயைக் கழற்றி, ஸ்கூட்டரை எடுத்து வழிவிட ஏற்பாடு செய்யட்டுமா என்று கேட்டோம். வேண்டாம், எல்லாம் வழக்கம் போலவே இருக்கட்டும் என்றார். வண்டி எந்த இடத்தில் நிற்கிறது என்று பார்ப்பதற்குத்தான் வருகிறாராம்.